டேவிட் குல்பிலில்: ஆர்னெம் லாண்டிலிருந்து வெண்திரைக்கு

ஆஸ்திரேலியத் திரைப்படங்களில் ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் நடித்தவர் டேவிட் குல்பிலில். அந்த நாட்டின் வட கோடியில், யோல்ங்கு பழங்குடி மக்களிடையே பிறந்தவர். சடங்கு ஆட்டக்காரர், வேட்டைக்காரர், கதைசொல்லி, ஓவியர் என்று பல முகங்கள் அவருக்கு உண்டு. 1971-ல் வெளிவந்த முதல் படத்தில் அவர் தன் தாய்மொழியில் பேசினார். அவர் என்ன பேசுகிறார் என்று பார்வையாளர்களுக்கு ஒரு வரிகூட எழுதிக் காட்டப்படவில்லை. 2006-ல் வெளிவந்த இன்னொரு படத்தில் தொடக்கம் முதல் முடிவு வரை கதை சொன்னதே அவர் குரல்தான். இந்த இரண்டு படங்களுக்கும் இடைப்பட்ட முப்பத்தைந்து ஆண்டுகளில் ஆஸ்திரேலிய சினிமா தன் பழங்குடி மக்களைப் பார்க்கும் பார்வையே மாறியது. அந்த மாற்றத்தில் வேறெந்த நடிகரையும்விடப் பெரிய பங்கு குல்பிலிலுடையது.

டார்வின் நகருக்குக் கிழக்கே பரந்து கிடக்கும் நிலப்பகுதி ஆர்னெம் லாண்ட். சதுப்பும் ஆறும் முதலையும் யூகலிப்டஸ் காடும் நிறைந்த நாடு அது. மனிங்கிரிடா என்ற குடியிருப்புக்கு அருகில், மான்டல்பிங்கு குலத்தில் குல்பிலில் பிறந்தார். பிறந்த நாளை யாரும் எழுதி வைக்கவில்லை. 1953 ஜூலை 1 என்று பதிவேடுகளில் இருப்பது பிற்பாடு ஊகித்து எழுதப்பட்ட தேதி. சிறுவயதில் அவருக்குக் கிடைத்த கல்வி ஈட்டி எறிவது, தடம் பார்ப்பது, பருவம் அறிவது, பாடுவது, ஆடுவது ஆகியவை. யோல்ங்கு மக்களில் ஒவ்வொரு குலத்துக்கும் அதற்கே உரிய பாட்டும் ஆட்டமும் உடலில் தீட்டும் கோலமும் உண்டு. ஒரு பறவை எப்படித் தலையைத் திருப்பும், கங்காரு ஆபத்தை உணர்ந்ததும் எப்படி உறைந்து நிற்கும் என்பதையெல்லாம் சிறுவர்கள் பெரியவர்களின் பின்னால் நின்று ஆடியாடிக் கற்பார்கள். தவறாக ஆடினால் திருத்தப்படுவார்கள். மனிங்கிரிடா பள்ளிக்கூடத்தில் சேர்ந்த பிறகே ஆங்கிலம் வந்தது. அதற்கு முன்பே பல பழங்குடி மொழிகள் அவர் நாவில் இருந்தன. பதின்வயதை எட்டும்போது அந்த வட்டாரத்தில் பெயரெடுத்த ஆட்டக்காரராகிவிட்டார்.

அவர் சினிமாவுக்கு வந்த காலத்தை நினைவில் வைத்துக்கொண்டால்தான் அவருடைய சாதனையின் அளவு புரியும். மக்கள்தொகைக் கணக்கில் பழங்குடி மக்களையும் சேர்த்து எண்ணலாம் என்று ஆஸ்திரேலியர்கள் வாக்கெடுப்பில் முடிவு செய்ததே 1967-ல்தான். 1955-ல் வெளிவந்த ‘ஜெட்டா’ படத்தில் இரண்டு பழங்குடி இளைஞர்கள் முதன்மைப் பாத்திரங்களில் நடித்திருந்தார்கள். ஆனால் அது விதிவிலக்கு. பழங்குடிப் பாத்திரம் என்றால் வெள்ளைக்கார நடிகரின் முகத்தில் கறுப்பு மையைப் பூசி நிறுத்துவதே வழக்கமாக இருந்தது. 1967-ல் வந்த ‘ஜர்னி அவுட் ஆஃப் டார்க்னஸ்’ படத்தில் பழங்குடித் தடம் பார்ப்பவராக நடித்தவர் எட் டெவரோ என்ற வெள்ளையர். அவர் துரத்திப் பிடிக்கும் பழங்குடிக் கைதியாக நடித்தவர் ஒரு தமிழர்: மலாயாவில் பிறந்து, ‘கமால்’ என்ற மேடைப் பெயரில் ஆஸ்திரேலியா முழுவதும் புகழ்பெற்ற பாடகர் கந்தையா கமலேஸ்வரன். தோல் கறுப்பாக இருந்தால் போதும் என்பதே அன்றைய தயாரிப்பாளர்களின் அளவுகோல். அந்த மண்ணின் மனிதனைத் தேடிப் போக வேண்டும் என்று அவர்களுக்குத் தோன்றவில்லை.

தேடிப் போனவர் ஓர் ஆங்கிலேயர். இயக்குநர் நிக்கோலஸ் ரோக் 1969-ல் படப்பிடிப்புக்கு இடம் பார்த்துக்கொண்டு மனிங்கிரிடாவுக்கு வந்தார். அங்கே பதினாறு வயதுப் பையன் ஒருவன் ஆடுவதைப் பார்த்தார். ‘வாக்கபவுட்’ படத்துக்கு அவர் தேடிய முகம் கிடைத்துவிட்டது. நாடக ஆசிரியர் எட்வர்ட் பாண்ட் எழுதிக் கொடுத்த திரைக்கதை பதினான்கு பக்கம்தான்; மீதியெல்லாம் நிலமும் வெளிச்சமும் அந்த மூன்று இளம் நடிகர்களின் உடல்மொழியும். பாலைவனத்தில் அநாதையாக நிற்கும் வெள்ளைக்காரச் சிறுமியும் அவள் தம்பியும் தாகத்தில் சாகக் கிடக்கும் வேளையில், ஈட்டியும் இடுப்பில் தொங்கும் பல்லிகளுமாக மணல்மேட்டில் ஒரு பழங்குடி இளைஞன் தோன்றுகிறான். வறண்ட மண்ணில் நாணலைச் செருகி நீரை உறிஞ்சிக் காட்டுகிறான். அவர்களை மறுபடி ஊர் சேர்ப்பவனும் அவன்தான்.

அந்தப் படத்தின் உயிர் அதன் இறுதிப் பகுதியில் இருக்கிறது. கைவிடப்பட்ட ஒரு பண்ணை வீட்டில் அந்தப் பெண் இருக்கிறாள். உடலெங்கும் வெள்ளைக் கோலம் தீட்டி, இறகு சூடி, அவளை விரும்பி அவன் ஆடுகிறான். அவளுக்கு அது பயமாக இருக்கிறது. கதவைச் சாத்திக்கொள்கிறாள். அவன் வெயில் சாயும் வரை ஆடுகிறான், இருட்டிய பிறகும் ஆடுகிறான், கால் தளரும் வரை ஆடுகிறான். மறுநாள் காலையில் மரக்கிளையில் அவன் உடல் தொங்குகிறது. ஜென்னி அகுட்டர், இயக்குநரின் மகன் லூக் ரோக் ஆகியோரும் அந்தப் படத்தில் நன்றாகவே நடித்தார்கள். ஆனால் படம் முடிந்து வெளியே வருகிறவர்களின் மனத்தில் நிற்பது அந்த ஆட்டம். அந்த இளைஞனுக்குப் படத்தில் பெயர் கிடையாது. அவன் பேச்சுக்கு எழுத்துவடிவ மொழிபெயர்ப்பு கிடையாது. நடிகர் பட்டியலில்கூட அவருடைய பெயரைக் ‘கம்பிலில்’ என்று தவறாக அச்சிட்டார்கள். 1971-ல் கேன்ஸ் விழாவின் போட்டிப் பிரிவில் அந்தப் படம் திரையிடப்பட்டது. வேட்டையாடிக்கொண்டிருந்த பையன் விமானம் ஏறினான். உலகத் தலைநகரங்களையும் அன்றைய புகழ்மிக்க கலைஞர்களையும் பார்த்தான். மதுவும் அந்தப் பயணங்களில்தான் அறிமுகமாயிற்று. அதன் விலையை அவர் வாழ்நாள் முழுவதும் கொடுத்தார்.

எழுபதுகள் ஆஸ்திரேலிய சினிமாவின் மறுபிறப்புக் காலம். அரசு உதவியோடு புதிய இயக்குநர்கள் எழுந்து வந்தார்கள். அவர்கள் படங்களில் பழங்குடி மனிதர் ஒருவர் தேவைப்பட்டால் முதலில் நினைவுக்கு வந்த பெயர் குல்பிலில். 1976-ல் ‘மேட் டாக் மார்கன்’ படத்தில் டென்னிஸ் ஹாப்பருடன் நடித்தார். அதே ஆண்டில் வந்த ‘ஸ்டார்ம் பாய்’ அவரை வீட்டுக்கு வீடு கொண்டு சேர்த்தது. கோலின் தீல் எழுதிய குறுநாவலைத் தழுவிய படம் அது. தெற்கு ஆஸ்திரேலியாவின் கூராங் கடற்கரைக் காயலில், தாயை இழந்த ஒரு சிறுவன் கூழைக்கடாக் குஞ்சுகளை வளர்க்கிறான். அவனுக்குக் காடும் காயலும் கற்றுத்தரும் ஃபிங்கர்போன் பில் என்ற பாத்திரம் குல்பிலிலுடையது. ஆஸ்திரேலியக் குழந்தைகள் ஒரு தலைமுறை முழுக்கப் பழங்குடி மனிதரை நண்பராக முதன்முதலில் பார்த்தது இந்தப் படத்தில்தான் என்றால் அது மிகையாகாது. அடுத்த ஆண்டில் பீட்டர் வீர் இயக்கிய ‘தி லாஸ்ட் வேவ்’ வந்தது. கொலைக் குற்றம் சாட்டப்பட்ட பழங்குடி இளைஞர்களுக்காக வாதாடும் சிட்னி வழக்கறிஞர் ஒருவரின் கனவுகளுக்குள் நுழைந்து வருபவராக அதில் அவர் நடித்தார். நகரத்துச் சட்டை அணிந்த குல்பிலில் காட்டில் நின்ற குல்பிலிலைவிட இன்னும் புதிராகத் தெரிந்தார்.

எண்பதுகளில் ஹாலிவுட் அவரைச் சிறு துண்டுகளாகப் பயன்படுத்தியது. ‘தி ரைட் ஸ்டஃப்’ படத்தில் விண்வெளிப் பயணக் கதைக்கு நடுவே ஒரு கணம் தோன்றினார். 1986-ல் வந்த ‘குரோகடைல் டண்டீ’ அமெரிக்காவில் அந்த ஆண்டின் மிகப்பெரிய வெற்றிப் படங்களில் ஒன்றாயிற்று. அதில் அவர் ஏற்ற நெவில் பெல் நகரத்தில் வளர்ந்தவன். அப்பாவின் கட்டாயத்துக்காக அரைமனத்தோடு சடங்குக்குப் போகிறவன். அமெரிக்கப் பெண் நிருபர் அவனைப் படம் எடுக்கக் கேமராவைத் தூக்குகிறாள். அவன் தடுக்கிறான். படம் எடுத்தால் ஆவி போய்விடும் என்ற நம்பிக்கையோ என்று அவள் பரிவோடு கேட்கிறாள். லென்ஸ் மூடியைக் கழற்றவில்லை என்கிறான் அவன். பழங்குடி மக்களைப் பற்றி வெளியுலகம் வைத்திருந்த பாதி எண்ணங்களை அந்த ஒரே வசனம் உடைத்துப் போட்டது. அதைச் சொல்லும்போது அவர் முகத்தில் சிரிப்பின் சாயல்கூட இல்லை. நகைச்சுவையில் அந்த நிதானம் எளிதில் வாய்க்காது. படம் கோடிகளைக் குவித்தது. அவர் கைக்கு வந்தது சொற்பம். 1987-ல் ‘ஆர்டர் ஆஃப் ஆஸ்திரேலியா’ விருது கிடைத்தது. விருது பெற்றவர் திரும்பிப் போய் வாழ்ந்தது ராமிங்கினிங் குடியிருப்பில், மின்சாரமும் குழாய்த் தண்ணீரும் இல்லாத எளிய இருப்பிடத்தில். வந்த பணமும் யோல்ங்கு வழக்கப்படி உறவினர்கள் எல்லாருக்குமாகப் பகிரப்பட்டது.

இந்த இடத்தில் ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. குல்பிலில் நடிக்கவில்லை, இயல்பாக இருந்தார், அவ்வளவுதான் என்று எழுதிய விமர்சகர்கள் பலர். பாராட்டாகவே எழுதினார்கள். ஆனால் அது அவருக்குச் செய்த அநீதி. லண்டனில் மூன்று ஆண்டு நாடகப் பள்ளியில் படித்தவருடைய நடிப்பைப் பயிற்சி என்று ஒப்புக்கொள்கிறவர்கள், நடக்கத் தொடங்கிய வயதிலிருந்து சடங்கு ஆட்டத்தில் தேர்ந்த ஒருவரின் கலையை ஏன் இயல்பு என்று ஒதுக்க வேண்டும்? உடலை அசையாமல் நிறுத்துவது, ஒரு விலங்கின் கவனத்தைக் கண்ணில் கொண்டு வருவது, ஒரே அசைவைப் பலமுறை பிசகாமல் செய்வது, கூட்டத்தின் முன் கதையைச் சுமந்து நிற்பது ஆகிய எல்லாமே யோல்ங்கு சடங்குகளில் முறையாகக் கற்பிக்கப்படுபவை. கேமராவின் முன்னால் அவர் கொண்டு வந்து வைத்தது அந்தப் பயிற்சியைத்தான். ஒருவர் இயல்பாக மட்டுமே இருந்திருந்தால் எல்லாப் படத்திலும் ஒரே ஆளாகத் தெரிந்திருப்பார். நெவில் பெல்லையும், பின்னாளில் நடித்த ‘தி டிராக்கர்’ படத்தின் நாயகனையும் அடுத்தடுத்துப் பார்ப்பவர்களுக்கு அந்த வாதம் நிற்காது என்பது விளங்கிவிடும்.

அதை ஐயமற நிறுவிய ஆண்டு 2002. அந்த ஓர் ஆண்டில் இரண்டு படங்களில் தடம் பார்ப்பவராக நடித்தார். ஆஸ்திரேலியக் காவல்துறை, தப்பி ஓடியவர்களைப் பிடிக்கப் பழங்குடி மக்களையே நெடுங்காலம் பயன்படுத்தியது. புல் மடிந்த விதம், மண்ணில் பதிந்த விளிம்பு ஆகியவற்றைப் பார்த்தே யார், எப்போது, எந்தப் பக்கம் போனார் என்று அவர்கள் சொல்லிவிடுவார்கள். சொந்த மக்களைத் துரத்த வேண்டிய நிலையில் வைக்கப்பட்டவர்கள் என்பதால் அவர்களுடைய வரலாறு வலி மிகுந்தது.

பிலிப் நாய்ஸ் இயக்கிய ‘ராபிட்-ப்ரூஃப் ஃபென்ஸ்’ 1931-ல் நடந்த உண்மைக் கதை. பெற்றோரிடமிருந்து அரசு பறித்துச் சென்ற மூன்று சிறுமிகள், மூர் ரிவர் முகாமிலிருந்து தப்பி, முயல்களைத் தடுக்கக் கட்டிய வேலியின் ஓரமாகவே வீட்டை நோக்கி நடக்கிறார்கள். அவர்களைத் தேடிக் குதிரையில் போகும் மூடூ என்ற தடம் பார்ப்பவராகக் குல்பிலில் வருகிறார். அவருடைய சொந்த மகளும் அதே முகாமில்தான் அடைபட்டிருக்கிறாள். படம் முழுவதிலும் அவருக்கு வசனம் மிகக் குறைவு. மூத்த சிறுமி தடத்தை மறைத்திருக்கும் சாமர்த்தியத்தைக் கண்டுபிடிக்கும்போது, கடுமையான அந்த முகத்தில் ஒரு மெல்லிய மாற்றம் வருகிறது. அது பெருமிதம். துரத்துகிறவர், துரத்தப்படுகிறவள் ஜெயிக்க வேண்டும் என்று விரும்பத் தொடங்கிவிட்டார் என்பதைச் சொல்ல இயக்குநருக்கு வேறெதுவும் தேவைப்படவில்லை.

ரால்ஃப் டி ஹீர் இயக்கிய ‘தி டிராக்கர்’ அவருக்குக் கிடைத்த முதல் முழு நாயகப் பாத்திரம். அப்போது அவருக்கு வயது ஐம்பதை நெருங்கிக்கொண்டிருந்தது. திரைக்கு வந்து முப்பது ஆண்டுகள் கடந்திருந்தன. கதை நடப்பது 1922-ல். கொலைக் குற்றம் சாட்டப்பட்ட பழங்குடி ஒருவரைத் தேடி மூன்று வெள்ளையர்கள் குதிரையில் போகிறார்கள். முன்னால் நடந்து வழி காட்டுகிறவர் தடம் பார்ப்பவர். யாருக்கும் பெயர் இல்லை. வழியில் அதிகாரி அப்பாவிப் பழங்குடி மக்களைக் கொன்று குவிக்கிறான். அந்தக் கொடுமைகளை இயக்குநர் நேரடியாகக் காட்டவில்லை. அந்தந்த இடத்தில் ஓவியர் பீட்டர் கோட் தீட்டிய ஓவியங்கள் திரையை நிறைக்க, ஆர்ச்சி ரோச்சின் குரல் பாடுகிறது. குல்பிலிலின் நடிப்பு இதில் இரண்டு அடுக்கு கொண்டது. அதிகாரி திரும்பிப் பார்க்கும்போதெல்லாம் பணிவும் அசட்டுச் சிரிப்பும். அவன் முதுகைக் காட்டியதும் கண்ணில் வேறொரு கணக்கு. கழுத்தில் சங்கிலி மாட்டிய பிறகும் அந்தப் பயணத்தை நடத்துகிறவர் அவர்தான் என்பது மெல்ல மெல்லப் புலப்படுகிறது. இறுதியில் அதிகாரியை விசாரித்துத் தூக்கில் இடுகிறவரும் அவரே. சிறந்த நடிகருக்கான ஆஸ்திரேலியத் திரைப்படக் கழக விருது அந்த நடிப்புக்குக் கிடைத்தது.

மேடைக்கு அவர் 2004-ல் வந்தார். ‘குல்பிலில்’ என்ற அந்தத் தனிநபர் நாடகத்தை ரெக் க்ரிப்புடன் சேர்ந்து அவரே எழுதினார். நீல் ஆர்ம்ஃபீல்ட் இயக்கினார். அடிலெய்ட் கலை விழாவில் அரங்கேறிய நாடகம் அது. தன் பிறப்பு, காடு, ரோக் வந்த நாள், வெளிநாட்டுப் பயணங்கள், குடி, பணத்தட்டுப்பாடு எல்லாவற்றையும் பார்வையாளர்களிடம் நேருக்கு நேர் சொன்னார். திரையில் பேசாமலே பேர் வாங்கியவர் மேடையில் பேச்சாலேயே கூட்டத்தைக் கட்டிப்போட்டார். அவர் வளர்ந்த மரபில் கதை சொல்வதும் ஆடுவதும் பாடுவதும் தனித்தனிக் கலைகள் அல்ல என்பதால் மேடை அவருக்கு அந்நியமாக இருக்கவில்லை. அதே ஆண்டில் க்ரெய்க் ரடி அவரைக் கரியால் தீட்டிய படம், ஆஸ்திரேலியாவின் பெருமதிப்புக்குரிய உருவப்பட விருதான ஆர்ச்சிபால்ட் பரிசை வென்றது. கரிக்கோட்டில் வரைந்ததை ஓவியம் என்று சொல்லலாமா என்று சிலர் நீதிமன்றம்வரை போனார்கள், வழக்கு தள்ளுபடியானது.

2006-ல் வெளிவந்த ‘டென் கனூஸ்’ படம் பிறந்த விதம் தனியாகச் சொல்லத் தக்கது. 1930-களில் டொனால்ட் தாம்ஸன் என்ற மானுடவியலாளர் ஆர்னெம் லாண்டில் தங்கி ஆயிரக்கணக்கில் புகைப்படங்கள் எடுத்திருந்தார். அவற்றில் ஒன்றில், அராஃபுரா சதுப்பில் மரப்பட்டைத் தோணிகளில் நின்றபடி பத்து ஆண்கள் காட்டுவாத்து முட்டை எடுக்கப் போகிறார்கள். குல்பிலில் அந்தப் படத்தை டி ஹீரிடம் காட்டி, நமக்குப் பத்துத் தோணி வேண்டும் என்றார். அங்கிருந்து ஒரு முழுநீளப் படம் வளர்ந்தது. ராமிங்கினிங் மக்களே நடித்தார்கள். மரப்பட்டையை உரித்து, நெருப்பில் வாட்டி வளைத்துத் தோணி கட்டும் முறையைப் பெரியவர்கள் நினைவிலிருந்து மீட்டார்கள். யார் யாருக்குக் கணவனாக, மனைவியாக நடிக்கலாம் என்பதைக்கூட யோல்ங்கு உறவுமுறை விதிகளே தீர்மானித்தன. முறையில்லாதவர்களைத் திரையில்கூடத் தம்பதியாகக் காட்ட முடியாது. முதலையும் அட்டையும் நிறைந்த சதுப்பில் படப்பிடிப்பு நடந்தது.

குல்பிலில் படப்பிடிப்பில் நடிகராகக் கலந்துகொள்ளவில்லை. அவர் மகன் ஜேமி முதன்மைப் பாத்திரத்தில் நடித்தார். குல்பிலில் ஏற்றது கதைசொல்லியின் குரல். அந்தக் குரல் படத்தின் தொடக்கத்தில் மேற்கத்தியக் குழந்தைக் கதைகளின் பாணியில் ஆரம்பித்து, சட்டென்று சிரித்து, இது உங்கள் கதை அல்ல, என் கதை என்று திருத்திக்கொள்கிறது. முழுக்க ஆஸ்திரேலியப் பழங்குடி மொழிகளில் உரையாடல் அமைந்த முதல் முழுநீளப் படம் அது. முன்னோர் காலத்தைக் கறுப்பு வெள்ளையிலும், அதற்கும் முந்திய தொன்மக் காலத்தை வண்ணத்திலும் காட்டியது. 2006-ல் கேன்ஸ் விழாவின் ‘அன் செர்ட்டன் ரிகார்ட்’ பிரிவில் சிறப்பு நடுவர் பரிசு பெற்றது. தாய்நாட்டில் சிறந்த படத்துக்கான விருதையும் வென்றது.

அதற்குப் பிந்திய ஆண்டுகள் இருண்டவை. 2007-ல் நடுவண் அரசு வட பிரதேசத்துப் பழங்குடிக் குடியிருப்புகளில் அவசர நடவடிக்கை என்ற பெயரில் நேரடியாகத் தலையிட்டது. மதுவுக்குத் தடை, உதவித்தொகைக்குக் கட்டுப்பாடு, போலீஸ் கண்காணிப்பு எல்லாம் வந்தன. குல்பிலில் ஊரை விட்டு டார்வினில், குடிகாரர்கள் கூடும் திறந்தவெளிகளில் காலம் கழித்தார். குடிபோதையில் மனைவியைத் தாக்கி அவர் கையை உடைத்த வழக்கில் 2011-ல் அவருக்குச் சிறைத்தண்டனை கிடைத்தது. அந்தக் குற்றத்தை அவருடைய புகழைக் காட்டிக் குறைத்துச் சொல்வது முறையல்ல. காயப்பட்டவர் ஒரு பெண். சிறைக்கு வந்து பார்த்த டி ஹீரிடம் அவர் தெரிவித்த விருப்பம், இன்னொரு படம் சேர்ந்து செய்ய வேண்டும் என்பது. இருவரும் உட்கார்ந்து எழுதினார்கள்.

அப்படி வந்த படம் ‘சார்லீஸ் கன்ட்ரி’. 2013-ல் வெளியான அந்தப் படத்தின் திரைக்கதையில் குல்பிலிலின் பெயரும் இருக்கிறது. சார்லி தன் ஊரிலேயே அந்நியனாக உணரும் முதியவர். வேட்டைத் துப்பாக்கியைப் போலீஸ் பிடுங்குகிறது. கையால் ஈட்டி செய்கிறார். அதையும் ஆபத்தான ஆயுதம் என்று பிடுங்குகிறார்கள். பழையபடி காட்டிலேயே வாழலாம் என்று புறப்பட்டு, மழையில் நனைந்து நோயில் விழுந்து, டார்வின் மருத்துவமனைக்கும், அங்கிருந்து குடிக்கும், பிறகு சிறைக்கும் போய்ச் சேர்கிறார். சிறையில் அவருடைய தலைமுடியையும் தாடியையும் மழிக்கும் காட்சி ஒன்று உண்டு. கேமரா அருகில் நின்று பார்த்துக்கொண்டே இருக்கிறது. நரைத்த சுருள்கள் கொத்துக் கொத்தாக விழ, கடைசியில் எஞ்சும் அந்த முகத்தில் ‘வாக்கபவுட்’ பையனின் கன்ன எலும்புகள் அப்படியே தெரிகின்றன. ஒரு வசனமும் இல்லை. 2014-ல் கேன்ஸ் விழாவின் ‘அன் செர்ட்டன் ரிகார்ட்’ பிரிவு அவரைச் சிறந்த நடிகராகத் தேர்ந்தெடுத்தது. படத்தின் முடிவில் சார்லி ஊர்ச் சிறுவர்களுக்கு ஆட்டம் கற்றுக்கொடுக்கிறார்.

இவற்றுக்கு இடையிலும் பின்பும் சிறிய பாத்திரங்கள் பல. 2008-ல் பாஸ் லூர்மன் இயக்கிய ‘ஆஸ்திரேலியா’வில், ஒற்றைக் காலில் ஈட்டியை ஊன்றி நின்று பேரனைக் காக்கும் கிங் ஜார்ஜாக வந்தார். ‘கோல்ட்ஸ்டோன்’, ‘கார்கோ’ ஆகிய படங்களிலும், அமெரிக்கத் தொடரான ‘தி லெஃப்டோவர்ஸ்’ஸிலும் நடித்தார். 2019-ல் ‘ஸ்டார்ம் பாய்’ மறுபடி எடுக்கப்பட்டபோது ஃபிங்கர்போன் பில்லின் தந்தையாகச் சில நிமிடங்கள் தோன்றினார். 

2017-ல் நுரையீரல் புற்றுநோய் கண்டறியப்பட்டது. மருத்துவ வசதிக்காகத் தெற்கு ஆஸ்திரேலியாவின் மர்ரி பிரிட்ஜ் ஊரில் தங்கியிருந்தார். மரணம் வரப்போகிறது என்று தெரிந்தே மாலி ரெனால்ட்ஸ் இயக்கிய ‘மை நேம் இஸ் குல்பிலில்’ ஆவணப்படத்தில் தன் வாழ்வைத் தானே சொன்னார். படம் தன் மறைவுக்குப் பிறகே வெளியாகும் என்று எண்ணியிருந்தவர், 2021 மார்ச்சில் அடிலெய்டில் அதன் முதல் காட்சிக்கு நேரில் வந்தார். அந்த ஆண்டு நவம்பர் 29-ல் மறைந்தார். இறந்தவரின் பெயரை உச்சரிக்கக் கூடாது, உருவத்தைக் காட்டக் கூடாது என்பது பல பழங்குடிச் சமூகங்களின் மரபு. அதை மதித்து மூன்று நாள் செய்தி ஊடகங்கள் அவரை டேவிட் டலைத்ங்கு என்று குறிப்பிட்டன. அதன் பின் குடும்பத்தின் அனுமதியோடு பழைய பெயரும் படங்களும் புழக்கத்துக்குத் திரும்பின. தன் கதை மறக்கப்படக் கூடாது என்று அவரே விரும்பியிருந்தார். மூவாயிரம் கிலோமீட்டருக்கும் அப்பால் இருந்த சொந்த மண்ணுக்கு உடலைக் கொண்டுபோய், உரிய சடங்குகளோடு அடக்கம் செய்தார்கள்.

இன்று ஆஸ்திரேலியாவில் பழங்குடி இயக்குநர்களே தங்கள் மக்களின் கதையை எடுக்கிறார்கள். வார்விக் தார்ன்டனின் ‘சாம்ஸன் அண்ட் டிலைலா’ 2009-ல் கேன்ஸ் விழாவில் சிறந்த முதல் படத்துக்கான பரிசைப் பெற்றது. ‘கோல்ட்ஸ்டோன்’ எடுத்த ஐவன் சென் இன்னொருவர். முகத்தில் மை பூசிய பழங்குடிப் பாத்திரத்தை இனி யாரும் நினைத்துப் பார்க்க முடியாது.

குல்பிலிலைப் புதிதாக அறிய விரும்புகிறவர்கள் ‘தி டிராக்கர்’ படத்தில் தொடங்கலாம். அடுத்து ‘டென் கனூஸ்’, அதன் பின் ‘சார்லீஸ் கன்ட்ரி’. ‘வாக்கபவுட்’டைக் கடைசியாகப் பார்ப்பது நல்லது. அவர் யார் என்று தெரிந்துகொண்ட பிறகு பார்த்தால், மொழிபெயர்க்கப்படாமல் விடப்பட்ட அந்தப் பேச்சையும் காது கொடுத்துக் கேட்கத் தோன்றும்.